பந்தெறி வீரர் சவாமுரா

உழவர்க்கு ஏர் பிடிக்கும் கையும் ஓவியர்க்குத் தூரிகை பிடிக்கும் கையும் பெருஞ்செல்வங்கள். அவ்வாறே ஜப்பான் நாட்டு விளையாட்டு வீரர் ஒருவர்க்கு அவருடைய வலக்கை பெருஞ்செல்வமாக விளங்கியது. இளமை முதல் இடையறாது பழகி அவர் தேடிய செல்வம் அது. ஆயினும், அச்செல்வத்தை அவர் நெடுநாள் துய்க்கவில்லை. போர் முதலில் அக்கையின் வலிமையைக் கவர்ந்தது; பின்னர் இருபத்தேழாம் வயதில் அவர் உயிரையும் கவர்ந்தது. அவ்வீரர் எய்ஜி சவாமுரா என்பவர். அவர் ஆடிய காலம் மிகச் சிறிது. அவர் பெற்ற புகழோ இன்றும் மங்காதது.

இளமைப் பருவம்

ஜப்பான் நாட்டின் மியெ மாநிலத்தில் உஜியமதா என்னும் ஊர் உள்ளது. பழம்பெருங் கோயிலால் சிறப்புற்ற அவ்வூர் இப்போது இசே என வழங்குகிறது. அவ்வூரில் 1917 ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் முதல் நாள் சவாமுரா பிறந்தார். அவர் தந்தையார் காய்கறிக் கடை நடத்தி வந்தார். குடும்பம் செல்வச் செழிப்புடையதன்று. எனினும் தந்தையாருக்குப் பேஸ்பால் என்னும் தளப்பந்தாட்டத்தில் பெருவிருப்பம் இருந்தது. அவ்விருப்பம் மகனையும் பற்றிக்கொண்டது.

பேஸ்பால் அமெரிக்க நாட்டில் வளர்ந்த ஆட்டம். ஹொரேஸ் வில்சன் என்னும் அமெரிக்க ஆசிரியர் 1872 ஆம் ஆண்டு வாக்கில் டோக்கியோவில் தம் மாணவர்க்கு அதனைக் கற்பித்தார். சில பத்தாண்டுகளுக்குள் அது ஜப்பானியப் பள்ளிகள்தோறும் பரவியது. ஓசாகா நகருக்கும் கோபே நகருக்கும் இடையே 1924 ஆம் ஆண்டில் கோஷியன் என்னும் பெரிய ஆடுகளம் கட்டப்பெற்றது. நாட்டின் பல பகுதிகளிலிருந்தும் பள்ளி அணிகள் அங்கே வந்து பொருதன. அக்களத்தில் ஆடுவதனை ஜப்பானியச் சிறுவர்கள் பெரும்பேறாகக் கருதினார்கள்.

சவாமுரா தொடக்கப் பள்ளியிலேயே பந்தெறிவதில் தேர்ந்தார். அவருடைய திறமையைக் கண்டு கியோத்தோ நகரில் இருந்த வணிகப் பள்ளி அவரைத் தன் அணியில் சேர்த்துக்கொண்டது. 1933, 1934 ஆகிய ஆண்டுகளில் அப்பள்ளியின் சார்பில் அவர் கோஷியன் களத்தில் ஆடினார். அவர் எறிந்த பந்தின் விரைவைக் கண்டோர் வியந்தனர்.

பந்தெறிபவரின் பணி

இவ்வாட்டத்தில் பந்தெறிபவருக்கு உரிய பணியைச் சிறிது அறிந்துகொள்வோம். கிரிக்கெட் ஆட்டத்தில் பந்து பெரும்பாலும் தரையில் பட்டு எழுந்து மட்டையாளரை அடைகிறது. பேஸ்பாலில் அவ்வாறன்று; பந்து தரையில் படாமல் நேரே செல்ல வேண்டும். பந்தெறிபவர் சிறியதொரு மேட்டின்மேல் நின்று எறிவார். அவருக்கும் மட்டையாளர் நிற்கும் தளத்துக்கும் இடையே உள்ள தொலைவு 60 அடி 6 அங்குலம். திறமை வாய்ந்தவர் எறியும் பந்து அத்தொலைவை அரை நொடிக்குள் கடந்துவிடும். அதற்குள் பந்து எங்கே வருகிறது என்பதை மட்டையாளர் உணர்ந்து அடிக்க வேண்டும். அடிக்க முயன்று தவறினாலும், அடிக்கத்தக்க பந்தை அடியாது விட்டாலும் அது 'ஸ்டிரைக்' எனப்படும். மூன்று ஸ்டிரைக் ஆனால் மட்டையாளர் ஆட்டமிழப்பார். ஓர் அணியில் மூவர் ஆட்டமிழந்தால் மற்றோர் அணி அடிக்க வரும். இவ்வாறு ஒன்பது சுற்றுகள் நிகழும்.

ஆதலின், அணியின் வெற்றி பெரிதும் பந்தெறிபவர் கையில் உள்ளது. ஓர் ஆட்டத்தில் அவர் நூறு முறைக்கு மேலும் எறிய நேரும். ஒவ்வோர் எறிதலும் தோளையும் முழங்கையையும் வருத்தும். விரைவு மட்டும் இருந்தால் போதாது. பந்து குறித்த இடத்துக்குச் செல்லவும் வேண்டும். அதற்குத் தோள், விரல், கண் ஆகியவை ஒன்றுபட்டு இயங்க வேண்டும். நெடும்பழக்கத்தால் மட்டுமே அத்திறன் கைகூடும்.

சவாமுரா இடக்காலை மிக உயரத் தூக்கி, உடல் முழுவதன் ஆற்றலையும் தோளில் கொணர்ந்து, கையைத் தலைக்குமேல் வீசி எறிவார். அவருடைய விரைவுப் பந்து மட்டையாளரைத் திகைக்கச் செய்யும். அதற்கு அஞ்சி விரைந்து மட்டையை வீசுவோரை மற்றொரு பந்தால் ஏமாற்றுவார். அது நேரே வருவதுபோல் வந்து, மட்டையை நெருங்கியதும் திடீரெனக் கீழே இறங்கும்.

அமெரிக்க வீரர் வருகை

1934 ஆம் ஆண்டின் இறுதியில் அமெரிக்க நாட்டின் தலைசிறந்த வீரர்கள் ஜப்பானுக்கு வந்தனர். 'யோமியுரி' நாளிதழின் உரிமையாளர் மத்சுதாரோ ஷோரிகி அவர்களை அழைத்திருந்தார். அவ்வணியில் பேப் ரூத் இருந்தார். பந்தைக் களத்தின் எல்லைக்கு அப்பால் அடித்து அனுப்பும் 'ஹோம் ரன்' அடியில் அவருக்கு நிகர் அந்நாளில் ஒருவரும் இலர். அவ்வாண்டிலேதான் அவர் எழுநூறாவது ஹோம் ரன்னை அடித்திருந்தார். அதே ஆண்டில் 49 ஹோம் ரன் அடித்த லூ கெரிக்கும், சார்லி கெரிஞ்சர், ஜிம்மி ஃபாக்ஸ் என்னும் வீரர்களும் உடன் வந்தனர். டோக்கியோவின் வீதிகளில் பெருந்திரளான மக்கள் கூடி அவர்களை வரவேற்றார்கள்.

இவர்களை எதிர்த்து ஆடுவதற்கு ஜப்பானிய வீரர்களைத் திரட்ட வேண்டியிருந்தது. ஊதியம் பெற்று ஆடும் அணியுடன் மாணவர் ஆடலாகாது என்று கல்வித்துறை 1932 ஆம் ஆண்டில் விதித்திருந்தது. ஆகவே அவ்வணியில் சேர வேண்டுமாயின் சவாமுரா பள்ளியை விட்டு விலக வேண்டும். பல்கலைக் கழகத்தில் சேர்ந்து ஆடும் வாய்ப்பையும் இழக்க வேண்டும். பதினேழு வயது இளைஞருக்கு அஃது எளிய முடிவன்று. எனினும் உலகின் சிறந்த வீரரோடு பொரும் வாய்ப்பு மீண்டும் வருமோ? அவர் பள்ளியை விட்டு அணியில் சேர்ந்தார்.

தோல்வியிலும் புகழ்

அமெரிக்கர் ஆட்டந்தோறும் ஜப்பானியரை எளிதில் வென்று வந்தனர். சவாமுராவின் பந்துகளையும் அவர்கள் முதலில் நன்கு அடித்தார்கள். நவம்பர் 20 ஆம் நாள் ஷிஸுவோகா நகரில் உள்ள குசனாகி ஆடுகளத்தில் ஓர் ஆட்டம் நடைபெற்றது. அன்றும் சவாமுராவே பந்தெறிந்தார்.

அன்று அவர் கை அவர் விரும்பியவாறெல்லாம் இயங்கியது. கெரிஞ்சர் மூன்று ஸ்டிரைக் பெற்று வெளியேறினார். அடுத்து வந்தவர் பேப் ரூத். அவரும் அடிக்க இயலாது வெளியேறினார். அடுத்த சுற்றில் கெரிக் வந்தார். அவருக்கும் அதே நிலை நேர்ந்தது. பின்பு வந்த ஃபாக்ஸும் பந்தைத் தொட முடியாமல் திரும்பினார். உலகப் புகழ் வாய்ந்த நால்வர், பள்ளியை விட்டு வந்த சிறுவர் ஒருவரிடம் ஒருவர்பின் ஒருவராகத் தோற்றார்கள்! மக்களின் ஆரவாரம் விண்ணை முட்டியது.

ஆறு சுற்றுகள் கடந்தும் இரு அணியினரும் ஓர் ஓட்டமும் எடுக்கவில்லை. ஏழாம் சுற்றில் கெரிக் மீண்டும் வந்தார். இம்முறை சவாமுராவின் பந்தைக் குறிபார்த்து அடித்தார். அது எல்லையைக் கடந்து வீழ்ந்தது. அந்த ஓர் ஓட்டமே அன்றைய ஆட்டத்தை முடிவு செய்தது. அமெரிக்கர் ஒன்றுக்குச் சுழி என்ற கணக்கில் வென்றனர். சவாமுரா எட்டுச் சுற்றுகளில் ஒன்பது பேரை மூன்று ஸ்டிரைக் முறையில் வீழ்த்தியிருந்தார்.

அத்தொடரில் ஜப்பானிய அணி ஓர் ஆட்டத்திலும் வெற்றி பெறவில்லை. சவாமுராவும் பிற நாட்களில் மிகுதியாக அடிபட்டார். ஆயினும் ஜப்பானிய மக்கள் அந்த ஒரு நாள் ஆட்டத்தையே உள்ளத்தில் பொறித்துக்கொண்டனர். தம் வீரர் ஒருவர் உலகின் சிறந்தோர்க்கு நிகராக நிற்க முடியும் என்பதை அன்று அவர்கள் கண்டார்கள். வெற்றியைவிடத் தோல்வி சிறப்புப் பெறும் நாளும் உண்டு என்பதற்கு அவ்வாட்டம் சான்றாகும்.

புகழின் உச்சி

அமெரிக்கரோடு ஆடிய அணியை அடிப்படையாகக்கொண்டு 1934 டிசம்பர்த் திங்களில் ஊதியம் பெற்று ஆடும் அணி ஒன்று தோன்றியது. பின்னர் அது 'ஜயண்ட்ஸ்' என்னும் பெயர் பெற்றது. சவாமுரா அதன் முதன்மைப் பந்தெறிபவர் ஆனார். அடுத்த ஆண்டில் அவ்வணி கடல் கடந்து அமெரிக்கா சென்று நூற்றுக்கு மேற்பட்ட ஆட்டங்களை ஆடித் திரும்பியது. 1936 ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் ஏழு அணிகள் சேர்ந்து ஒரு கழகம் அமைத்தன. ஜப்பானில் பேஸ்பால் ஒரு தொழிலாக நிலைபெற்றது அப்போதுதான்.

பந்தெறிபவர் அடையக்கூடிய அரிய பேறு ஒன்று உண்டு. ஒன்பது சுற்றுகளிலும் எதிரணியினர் ஒருவரும் பந்தை முறையாக அடித்துத் தளத்தை அடையாதபடி செய்வதே அது. அதனை அடியிலா ஆட்டம் எனலாம். சிறந்த வீரர் பலர் தம் வாழ்நாள் முழுவதும் ஆடியும் அப்பேற்றை ஒருமுறையேனும் அடைந்ததில்லை. 1936 செப்டம்பர் 25 ஆம் நாள் சவாமுரா 'ஓசாகா டைகர்ஸ்' அணிக்கு எதிராக அதனை நிகழ்த்தினார். ஜப்பானியத் தொழில்முறை ஆட்டத்தில் அடியிலா ஆட்டம் நிகழ்ந்தது அதுவே முதன்முறை.

அவ்வாண்டு டிசம்பரில் இவ்விரு அணிகளும் முதன்மைப் பட்டத்துக்காக மூன்று நாள் தொடர்ந்து பொருதன. டோக்கியோவில் கடலோரமாக அமைந்த சுசாகி ஆடுகளத்தில் குளிர்காற்றினூடே ஆட்டங்கள் நிகழ்ந்தன. டைகர்ஸ் அணியில் மசாரு காகெயூரா என்னும் வலிய மட்டையாளர் இருந்தார். சவாமுராவின் பந்தையும் ஹோம் ரன் அடிக்க வல்லவர் அவர். இவ்விருவர் போட்டியைக் காண மக்கள் ஆவல் கொண்டனர். சவாமுரா மூன்று நாளும் பந்தெறிந்தார். பட்டம் அவருடைய அணிக்கே கிடைத்தது.

1937 ஆம் ஆண்டின் இளவேனிற்காலத் தொடர் அவர் வாழ்வின் பொற்காலம். மே முதல் நாள் அவர் இரண்டாம் அடியிலா ஆட்டத்தை நிகழ்த்தினார். அத்தொடரில் 24 வெற்றிகள் பெற்றார், தோல்விகள் நான்கே. சிறந்த வீரர்க்கு அளிக்கும் விருது முதன்முறையாக வழங்கப்பட்டபோது அவரே அதனைப் பெற்றார். அப்போது அவருக்கு வயது இருபது.

போர்க்களம்

1937 ஜூலையில் ஜப்பான் சீன நாட்டின்மீது பெரும்போர் தொடுத்தது. இளைஞர்கள் ஆயிரக்கணக்கில் படைக்கு அழைக்கப்பட்டனர். 1938 ஆம் ஆண்டின் தொடக்கத்தில் சவாமுராவுக்கும் அழைப்பு வந்தது. புகழ் பெற்ற வீரர் என்பதற்காக அவருக்கு விலக்கு அளிக்கப்படவில்லை. அவர் காலாட்படை வீரராகச் சீனத்துக்கு அனுப்பப்பட்டார்.

நாடறிந்த பந்தெறி வீரர் படைக்கு வந்தால் அவரிடம் எதனை எதிர்பார்ப்பார்கள்? கையெறி குண்டுகளை எறியுமாறு பணித்தார்கள். பந்தின் எடை ஏறத்தாழ 145 கிராம். படைவீரர் எறிந்த குண்டின் எடையோ அதனைப்போல் ஏறத்தாழ மும்மடங்கு. அதனை மீண்டும் மீண்டும் நெடுந்தொலைவு எறிந்தமையால் அவருடைய வலத்தோள் சீர்கெட்டது. போரில் துப்பாக்கிக் குண்டு பாய்ந்து இடக்கை புண்பட்டது. மலேரியாக் காய்ச்சலும் அவரை வாட்டியது. இரண்டாண்டுகளுக்குப் பிறகு, 1940 ஆம் ஆண்டில், அவர் தம் அணிக்குத் திரும்பினார்.

திரும்பியவர் பழைய சவாமுரா அல்லர். கையைத் தலைக்குமேல் உயர்த்தி எறிய அவரால் இயலவில்லை. மட்டையாளரைத் திகைக்கச் செய்த விரைவு மறைந்துவிட்டது. வேறொருவராயின் அந்நிலையில் மனமுடைந்து ஆட்டத்தை விட்டிருப்பார். சவாமுரா மனந்தளரவில்லை. கையைப் பக்கவாட்டில் வீசி எறியும் முறையைப் புதிதாகப் பழகினார். விரைவு போனபின் குறி தவறாமையும் மட்டையாளரின் எண்ணத்தை அறியும் நுட்பமுமே அவருக்குத் துணையாயின. அவ்வாண்டு ஜூலை 6 ஆம் நாள் நாகோயா அணிக்கு எதிராக மூன்றாம் முறையாக அடியிலா ஆட்டம் ஆடினார். முதல் இரண்டும் வலிய கையால் பெற்ற வெற்றிகள். மூன்றாவது, மெலிந்த கையை உறுதி படைத்த உள்ளம் தாங்கிப் பெற்ற வெற்றி. அம்மூன்றனுள் இதனையே தலையாயது எனல் தகும்.

மீண்டும் மீண்டும் அழைப்பு

1941 ஆம் ஆண்டில் அவர் ஒன்பது ஆட்டங்களில் வென்றார், மணமும் புரிந்துகொண்டார். அமைதியான வாழ்வு தொடங்கிற்று என எண்ணிய வேளையில் அவ்வாண்டின் இறுதியில் படையிலிருந்து இரண்டாம் அழைப்பு வந்தது. இம்முறை பிலிப்பைன் தீவுகளுக்கு அனுப்பப்பட்டார். 1943 ஆம் ஆண்டில் மீண்டபோது அவருடைய தோளில் எஞ்சியிருந்த வலிமையும் அழிந்திருந்தது.

ஆட்டக்களமும் அப்போது மாறியிருந்தது. பகை நாட்டு மொழி என்று கருதி ஆங்கிலச் சொற்களை ஆட்டத்திலிருந்து நீக்கினார்கள். ஸ்டிரைக் என்ற சொல்லுக்கு மாறாக, நன்று எனப் பொருள்படும் 'யோஷி' என்னும் ஜப்பானியச் சொல் வழங்கலாயிற்று. ஒருகாலத்தில் பேப் ரூத்தை வரவேற்று ஆரவாரித்த நாடு, அவருடைய மொழிச் சொல் ஒன்றையும் களத்தில் கேட்கப் பொறுக்கவில்லை. போர் மனிதரின் உள்ளத்தை எவ்வளவு சுருக்கிவிடுகிறது!

அவ்வாண்டு சவாமுரா மூன்று ஆட்டங்களில் தோற்றார், ஒன்றிலும் வெல்லவில்லை. அணிக்காகக் கடைசி முறை அவர் களம் புகுந்தது பந்தெறிவதற்கு அன்று. மற்றொருவர்க்கு மாற்றாக மட்டை பிடிப்பதற்கு. 1944 ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அணி அவரை விடுவித்தது. அவ்வணி தோன்றிய நாள் முதல் அதன் புகழுக்கு உழைத்தவர் அவ்வாறு வெளியேறினார்.

அவ்வாண்டு அக்டோபரில் மூன்றாம் முறையாக அழைப்பு வந்தது. மனைவியையும் பெண் குழந்தையையும் பிரிந்து அவர் படைக்கப்பலில் ஏறினார். 1944 டிசம்பர் 2 ஆம் நாள் யாகுஷிமா தீவுக்கு அப்பால் அக்கப்பலை அமெரிக்க நீர்மூழ்கிக் கப்பல் ஒன்று தாக்கியது. கப்பல் கடலுள் ஆழ்ந்தது, சவாமுராவும் மாண்டார். பத்தாண்டுகளுக்கு முன் எந்நாட்டு வீரரோடு அன்புடன் பொருது புகழ் பெற்றாரோ, அந்நாட்டோடு நிகழ்ந்த போரிலேயே அவர் உயிர் நீத்தார். அவருடைய பந்தை ஹோம் ரன் அடித்த காகெயூராவும் அடுத்த ஆண்டு பிலிப்பைன் போர்க்களத்தில் இறந்தார்.

நிலைத்த புகழ்

கழக ஆட்டங்களில் சவாமுரா பெற்ற வெற்றிகள் 63; தோல்விகள் 22. அவர் ஆடிய ஆண்டுகளோ ஐந்தே. நெடுங்காலம் ஆடி முந்நூறு வெற்றிகளுக்கு மேல் பெற்றவர்களும் ஜப்பானில் உண்டு. எனினும் சிறந்த பந்தெறிபவர்க்கு வழங்கும் விருது சவாமுராவின் பெயராலேயே விளங்குகிறது. அவ்விருது 1947 ஆம் ஆண்டில் ஏற்படுத்தப்பட்டது. அதற்குத் தக்கவர் இல்லாத ஆண்டில் அதனை எவர்க்கும் அளிப்பதில்லை. அவர் அணிந்த பதினான்காம் எண்ணை ஜயண்ட்ஸ் அணியில் வேறெவர்க்கும் வழங்குவதில்லை. 1959 ஆம் ஆண்டில் ஜப்பானியப் பேஸ்பால் புகழ் மன்றத்தில் அவர் பெயர் சேர்க்கப்பெற்றது. குசனாகி ஆடுகளத்தின் வெளியே அவருக்கும் பேப் ரூத்துக்கும் சிலைகள் உள்ளன. முன்னாள் எதிரணியினர் இருவரும் அங்கே நண்பரைப்போல் காட்சி தருகின்றனர்.

டோக்கியோவில் உள்ள பெரிய ஆடுகளத்தின் அருகே மற்றொரு நினைவுக்கல் இருக்கிறது. போரில் மாண்ட தொழில்முறை ஆட்டக்காரர்களின் பெயர்கள் அதில் பொறிக்கப்பட்டுள்ளன. சவாமுரா, காகெயூரா ஆகியோர் பெயர்களும் அவற்றுள் உள்ளன. அக்கல்லைக் காண்போர் ஓர் உண்மையை உணர்வர். போரினால் இடிந்த வீடுகளையும் மூழ்கிய கப்பல்களையும் எண்ணிக் கணக்கிடலாம். இளைஞர் கைகளில் மலராமலே கருகிய திறமைகளைக் கணக்கிட இயலாது. ஜப்பானின் படையெடுப்பால் மாண்ட சீன மக்களிடையேயும், பிலிப்பைன் மக்களிடையேயும், எதிர்நின்று பொருத அமெரிக்கரிடையேயும் இத்தகைய இளைஞர் எத்துணைப் பேர் இருந்தனரோ!

விளையாட்டிலும் எதிரணி உண்டு. போரிலும் எதிரணி உண்டு. ஆனால் விளையாட்டில் தோற்றவர் மறுநாள் மீண்டும் களம் புகலாம். வென்றவரும் அவர் வருகையையே விரும்புவர். கெரிக்கிடம் தோற்ற சவாமுரா மறுமுறை ஆடச் சென்றார். போர் அவருக்கு அவ்வாய்ப்பை அளிக்கவில்லை. பந்தெறியப் பழகிய கை பந்தையே எறியும் உலகத்தை ஆக்குவது, அவர் வாழ்வை அறிந்தோர் அவர்க்குச் செலுத்தத்தக்க நன்றியாகும்.